சாலிஹா எத்தனை பேர்?

கீழக்கரையில் சாலிஹா இரண்டு பேர். வாக்காளர் பட்டியலில் மட்டும் ஒருத்தி. ஷேர் ஆட்டோவில் அவள் ஏறினால் இரண்டு சீட் போச்சு என்பார் டிரைவர். கல்யாண வீட்டில் நான்கு பேர் சுற்றி உட்கார்ந்து ஒரே தட்டில் சாப்பிடும் சஹனில், அவளோடு இன்னும் இரண்டு பேரை மட்டும் உட்கார வைத்துவிட்டு, ஆள் நிறைந்துவிட்டது என்பார் ரம்ஜான் பீவி. பெண்கள் பந்தியில் ஆள் எண்ணி உட்கார வைப்பது அந்த மாமியின் பொறுப்பு. ஆள் குச்சி, நாக்கு மட்டும் நல்ல கனம்.

ஒரு வருஷமாகச் சாலிஹா தினமும் காலையில் கடலோரப் படகு ஜெட்டி வரை நடக்கிறாள். சர்க்கரை இல்லை, பிரஷர் இல்லை. தொண்ணூற்று நான்கு கிலோ மட்டும் அசைய மறுத்தது. போகட்டும் என்று விட்டுவிட்டாள். உடம்பு அவளுக்கு இடைஞ்சலாக இல்லை. இந்த எண்ணிக்கைதான் நெஞ்சில் முள்ளாகக் குத்தியது. சாவதற்குள் ஒரு சஹனிலாவது ஒருத்தியாக உட்கார்ந்து சாப்பிட்டுவிட வேண்டும், அவ்வளவுதான் ஆசை.

பக்கத்து வீட்டு நஸீஹா கல்யாணத்திலும் அதே கதை. தெருப் பெண்கள் யும்னா, லாமியா, கூடச் சாலிஹா; மூன்று பேரிலேயே சஹன் நிறைந்தது. சாலிஹா சண்டை போடவில்லை. பரிமாற வந்தவளிடம் தனக்கு இரண்டு முட்டை, இரண்டு கிண்ணம் பாயசம் கேட்டாள். அவளும் நியாயம்தானே என்று வைத்துவிட்டுப் போனாள். கை கழுவத் தண்ணீர் கொண்டுவந்தவள் இரண்டு முறை ஊற்றினாள். யும்னா சொன்ன ஒரு சலாமுக்குச் சாலிஹா இரண்டு முறை பதில் சொன்னாள்.

எல்லோரையும் உட்கார வைத்து முடித்தபோது ரம்ஜான் பீவிக்குக் கை நடுங்கியது. சர்க்கரை மாத்திரை போட்டு ஒரு மணி நேரம் ஆகிவிட்டது, வயிற்றில் ஒன்றுமில்லை. சாலிஹாவின் சஹனில் மட்டும் ஒரு பக்கம் காலி. ஆனால் அது நிறைந்த சஹன் என்று அவரே சொல்லியாயிற்று. மண்டபமே பார்க்க, சொன்னதை மாற்ற மனசு வராமல் நின்றபடியே தள்ளாடினார்.

சாலிஹாவுக்குக் கோபமும் வந்தது, பயமும் வந்தது. எட்டிக் கையைப் பிடித்து அவரை உட்கார வைத்து, ஒரு துண்டு தொதல் இனிப்பை வாயில் திணித்தாள். நடுக்கம் நிற்கும்வரை காத்திருந்தாள்.

“இப்ப எண்ணுங்க மாமி.”

ரம்ஜான் பீவி விரலை நீட்டினார். “யும்னா ஒண்ணு. லாமியா ரெண்டு. நீ...” விரல் சாலிஹா முன்னால் வெகு நேரம் நின்றது. “மூணு. நான் நாலு.”

சாலிஹா கூடுதலாக வாங்கிய முட்டையை அவர் பக்கம் தள்ளி வைத்தாள். பாதிச் சாப்பாட்டில் மாமி மெல்லக் கேட்டார்.

“ஜெட்டிக்கு நடக்கப் போறப்ப என்னையும் கூப்புடுவியா?”

“வாங்க மாமி. ரெண்டு பேராப் போவோம்.”

ரம்ஜான் பீவி பழக்க தோஷத்தில் விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். சரியாகத்தான் இருந்தது.