அதலாந்தாவை வளர்த்த கரடி

நாடகத்தில் கரடி மேடையில் நிற்பது ஒரு நிமிடம்கூட இல்லை. குழந்தையை மோந்து பார்க்கும், மடியில் போட்டுக்கொள்ளும், விளக்கு அணைந்துவிடும். விளக்கு மறுபடி எரியும்போது குழந்தை வளர்ந்து லோகேஸ்வரியாகி ஓடிக்கொண்டிருக்கும். அதற்குப் பிறகு கரடியைப் பற்றிப் பேச்சே கிடையாது. மீனாட்சிக்கு அதுதான் பொறுக்கவில்லை.

சனிக்கிழமைதோறும் அவள் மாக் மண்டின் தொழிற்சாலையில் அரைநாள் வேலையை முடித்துவிட்டு, பட்டர்வொர்த்தில் பெர்ரிக் கப்பல் ஏறி, தீவிலிருக்கும் சூலியா தெருவுக்கு வந்துவிடுவாள். அங்கே நாணயம் மாற்றும் கடை ஒன்றின் மாடியில் நாடக ஒத்திகை நடந்தது. கடை அஃப்ரீனின் அப்பாவுடையது, நாடகம் அஃப்ரீனுடையது. மீனாட்சியின் மகள் லோகேஸ்வரி மாநிலத்துக்காக ஓடித் தங்கம் வாங்கியவள். நடிப்பு வருகிறதோ இல்லையோ, நீதான் அதலாந்தா என்று அஃப்ரீன் அவளைப் பிடித்துப் போட்டுவிட்டாள்.

அது கிரேக்க நாட்டுக் கதை. மகன் வேண்டுமென்று காத்திருந்த அரசன், பிறந்தது பெண் என்றதும் மலையில் கொண்டுபோய்ப் போட்டுவிடுகிறான். கரடி ஒன்று பால் கொடுத்து வளர்க்கிறது. பெண் வளர்ந்து காற்றாய்ப் பறக்கிறாள், ஊரெல்லாம் அவள் பேச்சு. உடனே அப்பன்காரன் வந்து இவள் என் மகள் என்கிறான். மரம் பழுத்திருப்பதை வௌவாலுக்கு யாராவது சொல்லியா அனுப்ப வேண்டும்? கல்யாணம் செய்துகொள் என்று வேறு நெருக்குகிறான். என்னை ஓடி ஜெயிப்பவனைக் கட்டிக்கொள்கிறேன் என்கிறாள் மகள். ஒருவன் ஓட்டத்துக்கு நடுவே தங்க ஆப்பிள்களை உருட்டிவிட, அவள் குனிந்து பொறுக்க, அவன் முந்திக்கொள்கிறான்.

இந்த முடிவைத்தான் அஃப்ரீன் வாராவாரம் மாற்றிக்கொண்டிருந்தாள். ஒரு வாரம் அதலாந்தா தங்கத்துக்கு ஏமாந்தாள். அடுத்த வாரம் அவனைப் பிடித்துப்போய் வேண்டுமென்றே தோற்றாள். பிறகு ஒரு வாரம் ஆப்பிளையும் பொறுக்கிக்கொண்டு ஓட்டத்திலும் ஜெயித்தாள். அன்றைக்கு எல்லோரும் கைதட்டினார்கள். ஆனால் எந்த வாரமும், அப்பன் வந்து கூப்பிடும் இடத்தில், அவள் வாயைத் திறக்காமல் அவன் பின்னால் போனாள்.

“அந்தக் கரடி என்னாச்சும்மா?” என்று மீனாட்சி ஒருநாள் கேட்டே விட்டாள்.

அஃப்ரீன் யோசித்தாள். “பழைய கதையில அதப் பத்தி ஒண்ணும் இல்ல ஆண்ட்டி. வளத்துச்சு, அவ்ளோதான் லா.”

மீனாட்சி கொண்டுவந்திருந்த மீகூன் சேமியாவைத் தட்டுகளில் எடுத்து வைக்கத் தொடங்கினாள். லோகேஸ்வரி அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

லோகேஸ்வரி மீனாட்சி பெற்ற பிள்ளை இல்லை, தவிட்டுக்கு வாங்கிய பிள்ளை. அதை அவளிடம் யாரும் ஒளித்து வைத்ததும் இல்லை. பத்து காவான் ஊரில் அவர்கள் வேலை செய்த தோட்டம் இருந்த காலத்தில் பக்கத்து வீட்டுத் தங்கராஜுவுக்கு மூன்றாவதும் பெண்ணாய்ப் பிறந்தது. பிறந்த நேரம் அப்பனுக்கு ஆகாது என்றார்கள். அதற்கு ஒரு வழி உண்டு. பிள்ளையைக் கோயிலில் வைத்து இன்னொருத்திக்குப் பிடி தவிட்டுக்கு விற்றுவிட வேண்டும். கண்டம் கழிந்ததும் தவிட்டைத் திருப்பிக் கொடுத்துப் பிள்ளையை வாங்கிக்கொள்ளலாம். விற்பதெல்லாம் பேருக்குத்தான், கெட்ட நேரத்தின் கண்ணில் மண்ணைத் தூவுகிற காரியம். பிள்ளையில்லாத மீனாட்சி, பெற்றவர் வந்து கேட்டால் கொடுத்துவிடுவேன் என்று மாரியம்மன் முன்னால் வாக்குச் சொல்லி, முறத்திலிருந்து குழந்தையை எடுத்துக்கொண்டாள்.

பெற்றவர் வரவில்லை. அடுத்து அவருக்கு மகன் பிறந்துவிட்டான், பிறகென்ன? தோட்டமும் கலைந்தது, ஆளுக்கொரு திசையாய்ப் போனார்கள். மீனாட்சியின் கணவர் முனுசாமி மோட்டார் சைக்கிளில் பிள்ளையைத் திடல் திடலாய் ஏற்றிக்கொண்டு அலைந்தார். அவள் பெரிய ஓட்டக்காரி ஆவதைப் பார்க்காமலே போய்ச் சேர்ந்தார். மீனாட்சி அவளை வளர்த்த காலமெல்லாம் ஒரே பயத்தில் வளர்த்தாள். வாசலில் யார் கூப்பிட்டாலும், பெற்றவர்தானோ என்று முதலில் ஜன்னல் வழியே எட்டிப் பார்ப்பாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை தங்கராஜுவே வந்து கூப்பிட்டார். மெலிந்துபோயிருந்தார். டயலிசிஸ் ஊசி குத்திக் குத்திக் கை வீங்கிக் கிடந்தது.

“தங்கச்சி, திருப்பி வாங்கிக்கிறேன்னு நான் அம்மனுக்குச் சொன்ன வாக்க முடிக்காம விட்டுட்டேன். பொண்டாட்டி போயிட்டா, கிட்னியும் போச்சு. பேப்பர்ல பாப்பா போட்டோவப் பாத்ததுலேருந்து தூக்கமே இல்ல. வர்ற வெள்ளிக்கிழம கோயிலுக்குக் கூட்டிட்டு வந்துரு. கோழித் தீனிக் கடையில டெடாக் வாங்கி வச்சிருக்கேன்.”

தவிட்டுக்கு அந்தக் கடைகளில் அதுதான் பெயர். இத்தனை வருடம் எங்கே போயிருந்தீர்கள் என்று கேட்க மீனாட்சிக்கு நாக்குத் துடித்தது. ஆனால் வாக்கை அவள் சொன்னது தங்கராஜுவிடம் இல்லை, அம்மனிடம்.

“சரிண்ணே” என்றாள்.

அவர் போன பிறகு லோகேஸ்வரி அறையிலிருந்து வந்தாள். “எதுக்கு சரின்னு சொன்னீங்க? நான் என்ன கைப்புள்ளையா?”

“சாமி முன்னால சொன்னதும்மா.”

“அப்ப குடுத்துருவீங்க.”

“குடுக்கணும்.”

“அவரும் குடுத்தாரு, நீங்களும் குடுக்குறீங்க” என்றாள் லோகேஸ்வரி. அந்த வாரம் முழுக்க அவள் அம்மாவோடு பேசவில்லை. வெட்டினாலும் அப்படி வலித்திருக்காது மீனாட்சிக்கு.

வெள்ளிக்கிழமை மாலை அவள் வருவாளா என்பதே நிச்சயமில்லாமல் இருந்தது. வந்தாள். அம்மாவைப் பக்கத்தில் உட்காரவைத்துக் காடியை அவளே ஓட்டினாள். தோட்டம் இருந்த இடமெல்லாம் அடுக்குமாடிகள் எழும்பிவிட்டன. கோயில் மட்டும் பழைய இடத்திலேயே இருந்தது. தங்கராஜு முன்னதாகவே வந்து, புது வேட்டி கட்டி, தாம்பாளத்தில் தவிட்டைப் பரப்பி வைத்திருந்தார்.

பூசாரி கற்பூரம் காட்டினார். மீனாட்சி முந்தானையை ஏந்தினாள். தங்கராஜு இரண்டு கையாலும் தவிட்டை அள்ளி அதில் போட்டார். அவள் முந்தானையை முடிந்து இடுப்பில் செருகிக்கொண்டு, மகளின் கையைப் பிடித்து அவர் கையில் வைத்தாள். “இந்தாங்கண்ணே, உங்க புள்ள” என்றாள். சொல்லி முடித்துவிட்டுத் தள்ளிப்போய் நின்றாள். செத்துப்போய்விட்டால் தேவலை என்றிருந்தது.

லோகேஸ்வரி அந்தக் கையை உதறவில்லை.

“இப்ப நான் உங்க புள்ளதானே?” என்று கேட்டாள்.

“ஆமாம்மா.”

“அப்பா” என்றாள். அந்தச் சொல்லை அவள் அவரிடம் சொன்னது அதுதான் முதல் தடவை. தங்கராஜுவின் முகம் மலர்ந்தது. “நான் ஒண்ணு கேட்டா செய்வீங்களா?”

“கேளும்மா. அப்பா என்ன வேணும்னாலும் செய்யிறேன்.”

“என்னை அம்மாவுக்கே வித்துடுங்க.”

பூசாரி விபூதித் தட்டோடு அப்படியே நின்றுவிட்டார். தங்கராஜு மகளையும் மீனாட்சியையும் மாறி மாறிப் பார்த்தார்.

“இப்பத்தானேம்மா வாங்குனேன்” என்றார் மெதுவாக.

“உங்க வாக்கு முடிஞ்சிருச்சுப்பா, அவங்க வாக்கும் முடிஞ்சிருச்சு. ரெண்டு தடவ குடுத்தப்பவும் என்னை யாரும் கேக்கல. இப்ப நானே கேக்குறேன். டயலிசிசுக்கு நான் உங்களக் கூட்டிட்டுப் போறேன், வீட்டுக்கு வந்து பாக்குறேன். ஆனா அவங்க புள்ளையா வந்து பாக்குறேன்.”

தங்கராஜு தோளிலிருந்த துண்டை எடுத்து மீனாட்சி முன்னால் விரித்துப் பிடித்தார். அவள் முடிச்சை அவிழ்க்க முடியாமல் திணறினாள். லோகேஸ்வரி வந்து அவிழ்த்துவிட்டாள். தவிடு துண்டில் விழுந்தது. முறத்தில் கிடத்திக் கொடுத்த அன்றைக்குத் தங்கராஜு அழவில்லை, வேலைக்கு நேரமாகிறது என்று அவசரப்பட்டார். இன்றைக்கு மகளின் கையை எடுத்து மீனாட்சியிடம் கொடுக்கும்போது சத்தமாகவே அழுதார்.

மீனாட்சி வாங்கிக்கொண்டாள். கேட்டால் திருப்பிக் கொடுப்பேன் என்று இந்தத் தடவை அவள் சொல்லவில்லை. சொல்லச் சொல்லி யாரும் கேட்கவும் இல்லை.