சாயோவுக்குக் கொடுக்காத பூங்கொத்து

1

இந்தக் கதை என் தவறிலிருந்து பிறந்தது. முதலில் இப்படித் தொடங்கியிருந்தேன்: ‘இயக்குநர் குசகபே கியோட்டோவில் பதினோரு படங்கள் எடுத்தார். ஸ்டுடியோ மூடியதும் தோக்கியோ வந்து தொலைக்காட்சிக்கு...’

(வேண்டாம். இரங்கல் குறிப்பு போலிருக்கிறது. மனிதர் உயிரோடுதான் இருக்கிறார்.)

2

நான் அவருடைய கன்டினியூட்டிக்காரி. எந்த ஷாட்டில் யார் எந்தக் கையில் கோப்பை பிடித்தார் என்று குறித்துவைப்பது என் பிழைப்பு.

எங்கள் படப்பிடிப்பில் ஒரு வழக்கம் உண்டு. ஒரு நடிகரின் கடைசிக் காட்சி முடிந்ததும் அவர் பெயரைச் சொல்லி, எல்லாம் முடிந்தது என்று ஒருவர் அறிவிப்பார். மற்றவர்கள் கைதட்டுவார்கள், பூங்கொத்து கொடுப்பார்கள். அதுவரை வேடம் அவரை விடாது.*

குசகபேயின் படமொன்றில் மினெகிஷி சாயோ பேயாக நடித்தாள். கடைசி ஷாட் முடிந்தது. பூங்கொத்தும் வந்தது. முடிந்தது என்று அறிவிக்கும் முன், கோப்பை கை மாறிவிட்டது என்று நான் குறுக்கிட்டேன். நாளைக்கு மறுபடி எடுக்கலாம் என்றார் அவர். மறுநாள் வரும் வழியில் ரயில் மோதி சாயோ இறந்துபோனாள்.

பிறகு குறிப்பைப் புரட்டினேன். கோப்பை சரியான கையில்தான் இருந்திருக்கிறது. நுணல் தன் வாயால் கெடும். நான் என் வாயால் இன்னொருத்தியைக் கெடுத்தேன்.

[இங்கே ஒரு சாக்கு எழுதி அடித்துவிட்டேன்.]

* நம்பாதவர்களும் கைதட்டாமல் போனதில்லை.

3

அன்றிலிருந்து அவர் எடுத்த ஒவ்வொரு தொடரிலும் ஓர் ஆள் கூடுதல். ஆறு பேரை நிறுத்தினால் மானிட்டரில் ஏழு பேர். காலித் தாழ்வாரத்தை எடுத்தே நடுங்கவைப்பவர் என்று குசகபே பேர் வாங்கியதும் அவளால்தான்.

சென்ற மாதம் அவருடைய கடைசித் தொடரின் கடைசி நாள். மானிட்டரில் அவளைக் காட்டிக் கேட்டார்.

“முப்பத்தாறு வருஷமா ரீடேக்குக்கு வந்து நிக்கிறா. எதை மாத்தணும்னு சொல்லு, எடுத்துடலாம்.”

“மாத்த ஒண்ணுமில்ல சார். அன்னிக்கு நான்தான் தப்பாப் பாத்தேன்.”

எனக்கு அழுகை வந்தது.

“அப்ப அவ அன்னிக்கே முடிச்சுட்டா,” என்றார்.

நான் அறிவிக்கிறேன், நீங்கள் கைதட்டுங்கள் என்று கெஞ்சினேன்.

“மாட்டேன். அவ போயிட்டா நான் யாரு?” என்று எழுந்து போய்விட்டார்.

4

முடிவு அ: அவர் மனம் மாறித் திரும்பி வருகிறார். (வரவில்லை.)

முடிவு ஆ: நானே அறிவித்து நானே கைதட்டுகிறேன். (செல்லாது. அறிவிப்பவர் தட்டக் கூடாது.)

ஆகவே இங்கேயே அறிவிக்கிறேன். மினெகிஷி சாயோ, உன் காட்சிகள் எல்லாம் முடிந்தன.

அவள் என் மேசைக்கு எதிரே நின்று இந்தத் தாளைப் பார்க்கிறாள். இல்லை, தாளுக்கு அந்தப் பக்கம் இருக்கும் உங்களைப் பார்க்கிறாள். கைதட்டலை நான் எழுதப் போவதில்லை. அது உங்கள் கையில்தான் இருக்கிறது.