இரண்டு ஊரில் பதிந்த பெருவிரல்

நசாரியா பெச் அந்தக் கைரேகையை முதன்முதலில் பார்த்தபோது, பல் துலக்கும் பிரஷ்ஷால் ஒரு பானைக் கைப்பிடியைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். பழைய மாயா ஊரான சாக்நாவின் இடிபாட்டில் நாங்கள் தோண்டத் தொடங்கி மூன்றாவது வாரம் அது. குழியிலிருந்து வரும் உடைந்த பானை ஓடுகளைக் கழுவுவது அவள் வேலை. காய்ந்ததை அளந்து படமாக வரைவது என் வேலை. ஓலைக் கொட்டகையில் ஒரே மேசைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக உட்கார்ந்திருப்போம்.

“ஃபிதென்சியோ, இங்க வா. இதைப் பாரு.”

கைப்பிடி பானையோடு சேரும் இடத்தில் யாரோ ஈர மண்ணைப் பெருவிரலால் அழுத்தியிருந்தார்கள். ரேகைகள் அப்படியே இருந்தன. அவற்றுக்குக் குறுக்கே சாய்வாக ஒரு கோடு ஓடியது.

“வெட்டுப்பட்டு ஆறின தழும்பு,” என்றாள் நசாரியா.

“புல்லு ஏதாவது ஒட்டியிருக்கும்க்கா.”

“புல்லு ஒட்டியிருந்தா பள்ளமா இருக்கும். இது மேடா இருக்கு. விரல்ல பள்ளம் இருந்தாத்தானே மண்ணுல மேடு வரும்? படம் வரையறவனுக்கு இது கூடத் தெரியலையா?”

நசாரியா எங்கள் பெண்கள் உடுத்தும் ஹிபில் அங்கிக்குப் பூத்தையல் போடுகிறவள். திருவிழாக் கூட்டத்தில் ஒருத்தியின் முதுகைப் பார்த்தே, இந்தப் பூவைத் தைத்தது எந்தத் தெருக்காரி, கடைசி இதழில் அவசரப்பட்டாளா இல்லையா என்று சொல்லிவிடுவாள். அவள் கண்ணோடு மல்லுக்கு நிற்பது வீண்.

அடுத்த இரண்டு மாதத்தில் அதே விரல் பதிந்த கைப்பிடிகள் இன்னும் ஆறு கிடைத்தன. தழும்பு மட்டுமில்லை, ரேகையின் சுழியும் விசேஷமானது. ஒன்றுக்குள் ஒன்று புகுந்த இரட்டைச் சுழி, ஓடுகிற தண்ணீரில் நீர்ச்சுழல்கள் இரண்டு பின்னிக்கொண்டதுபோல. ஒவ்வொன்று கிடைக்கும்போதும் நசாரியா “வந்துட்டா!” என்று கத்துவாள். குழியில் நிற்கிற ஆட்கள், “உன் சம்பந்தியம்மாவுக்கு ஒரு டம்ளர் சோளமாவுப் போசோல் கரைச்சுக் குடு, தூரத்துலருந்து வந்திருக்கா!” என்று அங்கிருந்தே கூவுவார்கள்.

எங்கள் தலைவி இராசெமா எஸ்கலான்தே, மெரிதா நகரத்திலிருந்து வந்த தொல்லியல் டாக்டர். முதலில் அவர் இதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அவர் மனமெல்லாம் அரசர்கள் மேல் இருந்தது. நாற்பது கிலோமீட்டர் தள்ளியிருக்கிற நோதுன் இடிபாட்டில் ஒரு கல் நிற்கிறது. நோதுன் அரசன் சாக்நா அரசனின் முடியைப் பிடித்து இழுத்துப் போவதாக அதில் செதுக்கியிருக்கிறார்கள். அதற்குப் பிறகு சாக்நாவில் ஒரு கல்லும் நாட்டவில்லை. ஆனால் ஊர் காலியாகவில்லை, இன்னும் ஐம்பது அறுபது வருஷம் அடுப்பு புகைந்திருக்கிறது. தோற்ற ஊரில் அத்தனை காலம் யார் இருந்தார்கள், எப்படி இருந்தார்கள்? அதைத்தான் டாக்டரம்மா தேடிக்கொண்டிருந்தார்.

ஒரு நாள் நசாரியா அவரிடம் போய் நின்றாள்.

“டாக்டரம்மா, நோதுன்ல எடுத்த ஓடெல்லாம் டவுன் கிடங்குல இருக்காமே. நான் போய்ப் பார்க்கட்டுமா?”

“எதுக்கு நசாரியா? அது முப்பது வருஷத்துக்கு முந்தி தோண்டினது. முந்நூறு சாக்கு இருக்கு.”

“சண்டை போட்ட ஊர்னு சொல்றீங்க. சண்டை ராஜாவுக்குத்தானே? பானை செய்யறவளுக்கு என்ன?”

“ஒரு வாரம் தர்றேன்,” என்றார் டாக்டரம்மா. “ ஃபிதென்சியோவையும் கூட்டிட்டுப் போ.”

கிடங்குக் காவலர் அர்னுல்ஃபோ கதவைத் திறக்கும்போதே முனகினார். “இத்தனை வருஷமா ஒருத்தரும் எட்டிப் பார்க்கல. இப்ப என்ன, புதையலா?”

“கைரேகை பார்க்க வந்திருக்கோம்ணே,” என்றேன்.

“ஜோசியமா? அப்ப என் கையையும் பாரு. என் பொண்டாட்டி எப்பத் திரும்பி வருவான்னு சொல்லு.”

“சாக்கு தூக்கிக் குடுங்க, சொல்றேன்,” என்றாள் நசாரியா. அவரும் தூக்கிக் கொடுத்தார்.

நான்கு நாள் ஒன்றும் அகப்படவில்லை. தூசி மட்டும் மூக்கு நிறைய. ஐந்தாம் நாள் மதியம், நான் சோளரொட்டியில் கருப்பு அவரையைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது, நசாரியாவிடமிருந்து சத்தமே இல்லை. திரும்பினேன். உள்ளங்கையில் ஒரு கைப்பிடித் துண்டு. கண் கலங்கியிருந்தது.

“இங்கயும் இருக்கா,” என்றாள் மெதுவாக.

இரட்டைச் சுழி, குறுக்கே சாய்ந்த தழும்பு. அன்று மாலைக்குள் இன்னொன்றும் கிடைத்தது. முக்கியமானது மண். சாக்நாப் பானைகளில் சுண்ணாம்புத் தூள் வெள்ளையாகத் தெரியும். நோதுன் மண்ணில் படிகத் துகள் மின்னும். இந்த இரண்டு துண்டும் மின்னின. அதாவது பானை பயணம் போகவில்லை. விரல்தான் போயிருக்கிறது.

டாக்டரம்மாவுக்கு இப்போது தூக்கம் போயிற்று. “தெளிவாயிடுச்சு. சாக்நாவை ஜெயிச்சப்போ இவளையும் பிடிச்சுட்டுப் போயிருக்காங்க. ராஜாவைக் கல்லுல செதுக்கினாங்க, இவளை யாரும் செதுக்கல,” என்றார். நகராட்சிக் கூடத்தில் வைக்கப்போகும் சிறிய கண்காட்சிக்கு அன்றே பலகை வாசகமும் எழுதிவிட்டார்: ‘சிறைபிடிக்கப்பட்ட குயத்தி.’

நசாரியா அதைப் படித்தாள். முகம் கோணிற்று.

இரண்டும் ஒரே விரல்தானா என்று உறுதிப்படுத்த மெரிதாவுக்குப் போனோம். ருதிலியோ சோபெரானிஸ் என்ற பெரியவர் போலீஸில் முப்பது வருஷம் கைரேகை பார்த்து ஓய்வு பெற்றவர். மேசை மேல் துணியை விரித்தார், விளக்கை இழுத்தார்.

“ஆள் எங்க இருக்கான்?”

“செத்து ஆயிரத்து இருநூறு வருஷம் ஆச்சுங்க,” என்றார் டாக்டரம்மா.

“நல்லதாப் போச்சு. தப்பிச்சு ஓட மாட்டான்.”

“அவ,” என்றாள் நசாரியா.

“விரலைப் பார்த்து ஆணா பொண்ணான்னு நான் சத்தியம் பண்ண மாட்டேன்மா. சின்னக் கை. அவ்வளவுதான்.”

ஒவ்வொன்றாக லென்ஸ் வைத்துப் பார்த்தார். ஒன்றரை மணி நேரம் ஆயிற்று. நான் சுவரிலிருந்த காலண்டரை மூன்று முறை படித்து முடித்தேன். கடைசியில் நிமிர்ந்தார்.

“பத்தும் ஒரே பெருவிரல்தான்.”

“ஒன்பது,” என்றார் டாக்டரம்மா. “சாக்நாவுல ஏழு, நோதுன்ல ரெண்டு.”

“இங்க பத்து இருக்கே. இதுல மட்டும் தழும்பு இல்ல. சுழி அதேதான், ரேகை முடியற இடமெல்லாம் பொருந்துது. காயம் படறதுக்கு முன்னால வச்ச விரல்.”

டாக்டரம்மா என்னைப் பார்த்தார். நான் நசாரியாவைப் பார்த்தேன். அவள் தன் அங்கியின் ஓரத்தை நீவிக்கொண்டிருந்தாள்.

“அந்தத் துண்டைச் சேர்த்து வச்சது நான்தான். கிடங்குல கடைசி நாள் கிடைச்சுது. தழும்பு இல்லாததைக் காட்டினா சிரிப்பீங்கன்னு சொல்லல. இவர் வாயால வரட்டும்னு இருந்தேன்.”

“எந்த ஊர்?” டாக்டரம்மாவின் குரல் மாறியிருந்தது.

நசாரியா துண்டை எடுத்து, உடைந்த ஓரத்தை விளக்குக்கு நேராகப் பிடித்தாள். மின்னியது.

தழும்பு இல்லாத விரல் நோதுன் மண்ணில். அப்படியானால் அவள் தோற்ற ஊரிலிருந்து பிடித்துப் போகப்பட்டவள் இல்லை. ஜெயித்த ஊர்க்காரி. காயம் பட்ட பிறகு, எப்போதோ ஒரு நாள் தோற்ற ஊருக்கு வந்து பானை செய்திருக்கிறாள். ஏன்?

திரும்பும் வழியெல்லாம் வண்டிக்குள் அதே பேச்சுதான்.

“வேவு பார்க்க வந்திருப்பா,” என்றேன்.

“பானைக்குள்ள உட்கார்ந்தா? நீயெல்லாம் ஒரு ஆளு!” என்றாள் நசாரியா.

“கல்யாணம் பண்ணிக் குடுத்திருப்பாங்க,” என்றார் டாக்டரம்மா. “சண்டைக்கப்புறம் சமாதானத்துக்கு.”

“இல்ல, அவளே யாரோ ஒருத்தன் மேல ஆசைப்பட்டு வந்திருப்பா,” என்றாள் நசாரியா.

“திரும்பிப் போனாளா?” என்று கேட்டேன்.

“அதுவும் தெரியல,” என்றாள் நசாரியா. “தழும்போட நோதுன்ல ரெண்டு இருக்கு. இங்க வர்றதுக்கு முன்னால செஞ்சதா, திரும்பிப் போய்ச் செஞ்சதா? வெட்டுப்பட்டது எந்த ஊர்லன்னும் தெரியாது.” பிறகு திடுக்கிட்டவள்போல டாக்டரம்மா பக்கம் திரும்பினாள். “ஐயோ, நாம சாக்நாவுல தழும்பைத்தானே தேடினோம்! தழும்பில்லாதது கிடைச்சிருந்தா, கழுவிச் சாக்குல போட்டிருப்பேனே. அப்படி ஒண்ணு இருந்தா அவ நோதுன்காரிங்கறதும் தலைகீழாயிடும்!”

டாக்டரம்மா வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டு, ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்துக்கொண்டு சிரித்தார். “எத்தனை சாக்கு?”

“நூத்தி எண்பத்தி நாலு.”

மழைக்காலம் முழுக்க அத்தனையையும் மறுபடி பிரித்தோம். பதினோராயிரம் துண்டுக்கு மேல். என் கண்ணுக்கு எல்லா ரேகையும் சோள வயல் வரப்பாகத் தெரிய ஆரம்பித்தது. தழும்போடு இன்னும் மூன்று கிடைத்தன. தழும்பில்லாதது ஒன்றுகூட இல்லை. கடைசிச் சாக்கை உதறியபோது நசாரியாவுக்கு நிம்மதியா ஏமாற்றமா என்று என்னால் சொல்ல முடியவில்லை. கேட்டேன்.

“ரெண்டும் இல்ல. அவ நோதுன்காரிதான்னு இப்ப நம்பலாம். ஆனா இன்னும் தோண்டாத இடம் எவ்வளவு கிடக்கு!”

கண்காட்சிக்கு முந்தின நாள் பலகையை மாற்றி எழுத உட்கார்ந்தோம். டாக்டரம்மா ‘சிறைபிடிக்கப்பட்ட’ என்பதை அடித்தார். ‘மணமுடித்து வந்த’ என்று எழுதப் போனார்.

“வேண்டாம்,” என்றாள் நசாரியா.

“ஏன்? நீயும்தானே ஆம்பளையைத் தேடி வந்திருப்பான்னு சொன்ன?”

“வண்டியில சொன்னேன். பலகையில சொன்னா நாளைக்கு வர்ற பிள்ளைங்க அதைத்தான் எழுதிட்டுப் போகும். அப்புறம் யாரு தேடுவா?”

ஸ்பானிய மொழிப் பலகையில் குயவனா, குயத்தியா என்று இன்னொரு தகராறு ஓடியது. அரை மணி நேரத்துக்குப் பின் ‘ஒரு குயவர் அல்லது குயத்தி’ என்று எழுதி, டாக்டரம்மா பேனாவை வீசாத குறை. மாயாப் பலகையை நசாரியா சொல்லச் சொல்ல நான் எழுதினேன். அது சுலபமாக முடிந்தது, எங்கள் பேச்சில் அவன், அவள் என்ற பிரிவே கிடையாது. ‘இந்தப் பெருவிரலுக்குச் சொந்தமானவர் நோதுனில் பானை செய்தார். பிறகு சாக்நாவிலும் செய்தார். ஏன் வந்தார் என்று தெரியவில்லை.’

மறுநாள் முதலில் வந்தது ஒரு பேக்கரிக்காரர். பலகையைப் படித்தார், கைப்பிடியைக் குனிந்து பார்த்தார், தன் பெருவிரலையும் பார்த்தார்.

“தெரியலைன்னு எழுதவா இத்தனை நாள் ஆச்சு?” என்றார்.

“ஆமாங்க,” என்றாள் நசாரியா சந்தோஷமாக. “உங்களுக்கு என்ன தோணுது? ஏன் வந்திருப்பாங்க?”

அவர் பேசி முடித்துக் கடைக்குக் கிளம்ப முக்கால் மணி நேரம் ஆயிற்று.