தலைக்கு ஊற்றிய தண்ணீர்

வெள்ளிக்கிழமைதோறும் மக்ரீட்டா பெல்வில்லில் பஸ்ஸை விட்டு இறங்கி, ராவ்டன்பாக் வீட்டுப் பின்வாசல் வழியாக உள்ளே போவாள். கையில் துணி மூட்டை இருக்கும். அக்கம்பக்கத்தாருக்கு அவள் துணி வெளுப்பவள். மூட்டைக்குள் ஓர் இரும்புச் சீப்பு, ஒரு டப்பா தலைக்களிம்பு, ஒரு பழைய நைலான் காலுறை.

பின்கட்டில் துணி துவைக்கும் அறை. வில்மா உள்ளே வந்து தாழ்ப்பாள் போடுவாள். மக்ரீட்டா அவள் தலையை அலசித் துவட்டுவாள். சீப்பை ஸ்டவ்வில் காயவைத்து முடியைப் பிரி பிரியாக இழுப்பாள். சுருள் நேராக மூன்று மணி நேரமாகும். பிறகு முடியைத் தலையோடு ஒட்டச் சுற்றி, மேலே காலுறையை மாட்டிவிடுவாள். மறுநாள் காலை கழற்றினால் முடி பட்டுப்போல் விழும். ஈரக்காற்று படாமல் பார்த்துக்கொண்டால் ஒரு வாரம் தாங்கும்.

வெள்ளி இரவுகளில் வில்மாவுக்குத் தலைவலி வரும். தனி அறையில் படுத்துக்கொள்வாள். சீப்பு அந்த வீட்டில் தங்காது. வேலைக்காரியும் கிடையாது. வேலைக்கு வரும் கலப்பினத்துப் பெண்ணின் கண்ணிலிருந்து எதையும் மறைக்க முடியாது என்பது வில்மாவுக்குத் தெரியும்.

கேப் டவுனில் கலப்பினத்தார் வாழும் ஆறாம் வட்டாரத்தில், மக்ரீட்டா வீட்டுக்கு எதிர்வீட்டில் பிறந்தவள் வில்மா. ஏழு வயது இளையவள். இருபது வயதில் நகரத்துக் கடையொன்றில் வெள்ளைக்காரி என்று சொல்லி வேலைக்குச் சேர்ந்தாள். வீட்டை மாற்றினாள், போகும் தேவாலயத்தை மாற்றினாள். அரசாங்க வேலையில் இருந்த ராவ்டன்பாக் அவளைக் கட்டிக்கொண்டார். அவருக்கு எதுவும் தெரியாது.

தெருவில் ஒரு வழக்கம் உண்டு. வெள்ளையராகி அந்தப் பக்கம் கடந்து போனவர்களை எங்கே கண்டாலும் முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டும். பெற்ற தாயே ஆனாலும் கூப்பிடக் கூடாது. காட்டிக் கொடுப்பவர்களுக்கு அந்தத் தெருவில் தண்ணீர் கிடைக்காது. தாயை அடக்கம் செய்த அன்று வில்மா சர்ச்சுக்கு எதிர்ப்புற பஸ் நிறுத்தத்தில் நின்றிருந்தாள். பெட்டி போகும்வரை நின்றாள். தெருவே முகத்தைத் திருப்பிக்கொண்டு நடந்தது. மக்ரீட்டாவும்தான்.

ஒன்பது வருடம் அப்படியே போயிற்று.

ஏப்ரலில் மக்ரீட்டாவின் மகன் லையனலை இன்ன இனம் என்று குறிக்கும் அடையாள அட்டைக்காகக் கூப்பிட்டிருந்தார்கள். பத்தொன்பது வயது, சுவர்ப் பூச்சு வேலைக்காரன். செத்துப்போன அப்பனின் நிறம். மூன்றாவது மாடியில் மேசைக்குப் பின்னால் ஓர் அதிகாரி. நகத்தைப் பார்த்தார். திரும்பி நிற்கச் சொன்னார். பென்சிலை அவன் முடிக்குள் செருகித் தலையை ஆட்டச் சொன்னார். விழுந்தால் கலப்பினம், விழாவிட்டால் கறுப்பன். பென்சில் விழவில்லை. எழுதினார். மொத்தம் நான்கு நிமிடம்.

மக்ரீட்டா சுவரோரம் நின்றிருந்தாள். அவர் அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை. அவள் மேசையைப் பார்த்தாள். சட்டமிட்ட படமொன்று இருந்தது. மடியில் குழந்தையோடு வில்மா. தோள்வரை நேராக விழுந்த முடி மக்ரீட்டாவின் கைவேலை. ராவ்டன்பாக் பார்ப்பது என்ன அரசாங்க வேலை என்று அன்றுதான் அவளுக்குத் தெரிந்தது.

மக்ரீட்டாவும் மகளும் கலப்பினத்தவர், லையனல் கறுப்பன் என்று காகிதம் வந்தது. சட்டப்படி கறுப்பன் கலப்பினத்தார் வீட்டில் இருக்கக் கூடாது. அவனைக் கறுப்பர் குடியிருப்பான லாங்காவில் ஆண்கள் விடுதிக்குக் கொண்டுபோனார்கள். மே மாதக் கடைசியில், கறுப்பர்களுக்கென்று ஒதுக்கிய டிரான்ஸ்கைக்கு அனுப்புவார்களாம். அறுநூறு மைல். அங்கே அவனுக்கு யாருமில்லை. அந்த மக்களின் பேச்சில் தண்ணீர் என்று கேட்கக்கூட அவனுக்குத் தெரியாது.

அடுத்த வெள்ளிக்கிழமை, சீப்பு ஓடிக்கொண்டிருக்கும்போது மக்ரீட்டா பேச்செடுத்தாள்.

"மேடம், ஐயாகிட்ட ஒரு வார்த்தை சொல்லணும். லையனல் விஷயமா."

"எந்த லையனல்?"

"என் மகன். நீங்க இடுப்புல தூக்கி வச்சிருந்த புள்ள."

எல்லாவற்றையும் சொன்னாள். வில்மா குனிந்த தலையை நிமிர்த்தவில்லை.

"நான் எப்படிக் கேக்கறது? இவனுக்கு நீ ஏன் பரிஞ்சு பேசறேம்பாரு."

"துணி வெளுக்கறவ மகன்னு சொல்லுங்க."

"ஒண்ணு சொன்னா பத்துக் கேள்வி கேக்கறதுதான் அவரு தொழிலே. நான் வாயத் தொறந்தா என் பக்கமே திரும்பும், மக்ரீட்டா. எனக்கும் ஒரு புள்ள இருக்கு."

மக்ரீட்டா அடுத்த பிரியை எடுத்து இழுத்தாள்.

"லாங்காவுல எத்தனையோ பேர் இருக்காங்க," என்றாள் வில்மா. "போகப் போகப் பழகிடும்."

சீப்பு ஆறியிருந்தது. மக்ரீட்டா அதைத் திரும்பவும் ஸ்டவ்வில் வைத்தாள். அன்று முடியை எப்போதையும்விட நன்றாக இழுத்துவிட்டாள். காலுறையை மாட்டினாள். மூட்டையை எடுத்துக்கொண்டு கிளம்பினாள்.

வீட்டில் நாத்தனார் மாவிஸ் காத்திருந்தாள்.

"கேட்டியா?"

"கேட்டேன். பழகிடுமாம்."

"ஒரு தபால் தலை போதும் அண்ணி. உன் பொண்டாட்டி தலைய ஒருவாட்டி நனைச்சுப் பாருய்யான்னு அவனுக்கே எழுதிப் போடு."

"நம்ம தெருவுல யாரும் காட்டிக் குடுத்ததில்ல."

"அவ என்னத்தக் குடுத்துட்டா? ஆத்தா பொட்டியவே பஸ்ஸுக்கு நிக்கறாப்ல நின்னு பாத்த மகராசி."

"அந்த மேசைக்கு ஆள் புடிச்சுக் குடுக்கற வேலைய நான் செய்யமாட்டேன். அவனுங்க காயிதத்துல என் கையெழுத்து விழாது."

"பின்ன என்ன பண்ணப்போற? முழங்கால் போட்டு ஜெபமா?"

"தலைக்குத் தண்ணி ஊத்தப்போறேன்."

மாவிஸ் அவளையே பார்த்தாள். பிறகு மெல்லச் சிரிக்க ஆரம்பித்தாள்.

"ஊத்து தாயி. நல்லா ஊத்து."

மே மாத நடுவில் ஒரு சனிக்கிழமை. ராவ்டன்பாக் வீட்டில் மதிய விருந்து. பிரிட்டோரியாவிலிருந்து பெரிய அதிகாரி ஒருவர் மனைவியோடு வருகிறார். கூடவே இங்குள்ள மேலதிகாரியும் மனைவியும். மாகாணம் முழுவதற்கும் ராவ்டன்பாக்கைத் தலைவராக்கப் போவதாகப் பேச்சு. பரிமாற மக்ரீட்டாவையே வரச் சொல்லியிருந்தாள் வில்மா. வேறு கண்களை வீட்டுக்குள் விட அவளுக்குத் தைரியமில்லை.

வெள்ளிக்கிழமை மக்ரீட்டா போகவில்லை. முக்குக் கடையிலிருந்து போன் செய்யச் சொன்னாள். காய்ச்சல், சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு வந்துவிடுவேன். சனிக்கிழமை அவள் போய்ச் சேர்ந்தபோது மணி பன்னிரண்டாகக் கால் மணி இருந்தது. காலையிலிருந்து தூறல்.

வில்மா தலையில் துணியைக் கட்டிக்கொண்டு பின்வாசலில் நின்றாள்.

"எட்டு மணின்னு சொன்னேல்ல! ஒரு மணிக்கு வந்துடுவாங்க!"

"பஸ் கெடைக்கல மேடம். கீழ்த்தட்டு வெள்ளக்காரங்களுக்கு, நமக்கு இப்போ பஸ் மாடி மட்டுந்தான. மாடி நெறைஞ்சா ஏத்தறதில்ல."

'நமக்கு' என்ற சொல்லை வில்மா கவனித்ததாகத் தெரியவில்லை. உள்ளே வந்து தாழ்ப்பாள் போட்டாள்.

"அலச வேணாம். முன்னாடி மட்டும் சீப்ப போட்டு இழுத்துவிடு. பின்னால கொண்டை போட்டுக்கறேன்."

"ஒரு வாரத்துக் களிம்பு மேடம். சூடு பட்டா புகைஞ்சு நாறும். பெரிய இடத்து அம்மாங்க பக்கத்துல உக்காருவாங்க."

வில்மா ஒரு நொடி யோசித்தாள். தொட்டியின் மேல் குனிந்தாள்.

மக்ரீட்டா துணி துவைக்கும் நீலச் சோப்பை எடுத்தாள். அழுந்தத் தேய்த்தாள். ஒரு முறை, இரண்டு முறை, மூன்று முறை. களிம்பு கரைந்து ஓடியது. நெற்றியோரம், பிடரி, காதுக்குப் பின்னால் எல்லாம் முடி சுருண்டு எழுந்தது. முடி வீட்டுக்குப் போய்விட்டது என்பார்கள் அவர்கள் தெருவில். நல்ல முடி. அடர்த்தியாக, வில்மாவின் அம்மாவுக்கு இருந்தது போலவே.

மக்ரீட்டா கையைத் துடைத்தாள். சீப்பைத் துணியில் சுற்றி மூட்டைக்குள் வைத்தாள்.

"ஸ்டவ்வ பத்த வை. சீக்கிரம்."

"முடிஞ்சுது, வில்மா."

அந்தப் பெயரை அவள் சொல்லி ஒன்பது வருடமாகியிருந்தது. வில்மா நிமிர்ந்தாள். தண்ணீர் கழுத்தில் இறங்கியது. முதலில் புரியவில்லை. பிறகு மூட்டையைப் பார்த்தாள்.

"என்ன வேணும்? சொல்லு, என்ன வேணும்னாலும் குடுக்கறேன்."

"உன்கிட்ட இல்ல."

"அக்கா," என்றாள் வில்மா. அந்தச் சொல்லும் ஒன்பது வருடமாக அவள் வாயில் வந்ததில்லை. "அக்கா, எனக்கு ஒரு புள்ள இருக்கு."

"ஆமா. எனக்கும் இருந்தான்."

கதவு தட்டப்பட்டது. "வில்மா, மணி பன்னிரண்டே முக்கால். பூவ எங்க வைக்க?"

துண்டு ஆணியில் தொங்கியது. வில்மா அதை எட்டிப் பிடிப்பதற்குள் மக்ரீட்டா தாழ்ப்பாளை நீக்கினாள்.

ராவ்டன்பாக் பாதி கட்டிய டையோடு நின்றார். மேசையில் அவருக்கு நான்கு நிமிடம் வேண்டியிருந்தது. இங்கே வேண்டியிருக்கவில்லை.

"என்ன இது?"

"தண்ணி பட்டுடுச்சு, கெர்ட். எங்க பாட்டி, மதேராவுல இருந்து வந்தவங்க, போர்த்துக்கீசியக்காரி, சொல்லியிருக்கேனே..."

மக்ரீட்டா சிரித்துவிட்டாள். "எங்க தெருவுல பாதிப் பேருக்கு அந்தக் கெழவிதாங்க பாட்டி. பாவம், பெத்துப் பெத்தே செத்திருப்பா."

அவர் அவள் பக்கம் திரும்பினார். "நீ யாரு?"

"லையனலோட அம்மா."

"எந்த லையனல்?"

இதை அவள் எதிர்பார்க்கவில்லை.

"போன மாசம். மூணாவது மாடி. பூச்சு வேலை பாக்கற பையன்."

அவர் நினைவுபடுத்திப் பார்த்தார். உண்மையாகவே பார்த்தார். எதுவும் வரவில்லை.

"அவன் காயிதத்த மாத்திக் குடுங்க," என்றாள் மக்ரீட்டா. "இப்பவே. எழுதிக் குடுத்தீங்கன்னா ஸ்டவ்வ பத்த வைக்கிறேன். உங்களுக்கு நாலு நிமிஷ வேலை."

அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "எல்லாம் பிரிட்டோரியா போயாச்சு. போனது போனதுதான். என்னாலயும் மாத்த முடியாது."

அவர் பொய் சொல்லவில்லை என்று அவளுக்குப் புரிந்தது. பொய் சொல்பவராக இருந்தால் மாற்றித் தருகிறேன் என்றிருப்பார். லையனல் போய்விடுவான். அது அந்தத் தொட்டியருகில் முடிவாகிவிட்டது.

"சரிங்க. இதையும் இனி யாராலயும் மாத்த முடியாது."

"உன்னப் புடிச்சு உள்ள போடுவேன்."

"என்னன்னு எழுதுவீங்க? மேடம் தலைய அலசிட்டான்னா?"

"வெளிய ஒரு வார்த்தை போச்சுன்னா..."

"நாங்க சொல்றதில்லீங்க. இவங்களயே கேளுங்க. ஒன்பது வருஷமா தெருவே வாயத் தொறக்கல. யாராவது எழுதணும்னா நீங்கதான் எழுதணும். அதுக்குத்தான உங்களுக்குச் சம்பளம்."

அவர் மனைவியைப் பார்த்தார். பிறகு அவள் பக்கத்தில் இல்லாததுபோல் திரும்பி வீட்டுக்குள் போனார்.

"எல்ஸி!" என்று அவர் குரல் கேட்டது. "எல்ஸி, இங்க வா."

வில்மா ஓடினாள். மக்ரீட்டா பின்னாலேயே போனாள். அடுப்பில் ஆட்டுத்தொடை வெந்துகொண்டிருந்தது. உலர்திராட்சை போட்ட மஞ்சள் சோறு மூடியிருந்தது. அவள் சமையலறை வாசலில் நின்றாள்.

கூடத்து ஜன்னலோரம் ஆறு வயது எல்ஸியை நிறுத்தியிருந்தார். வெள்ளைக் கவுன், புதுச் செருப்பு. முகவாயைப் பிடித்து முகத்தை வெளிச்சத்துக்குத் திருப்பினார். விட்டார். மறுபடி திருப்பினார்.

"விருந்தாளிங்க வந்துட்டாங்களா, அப்பா?"

அவர் அவள் பிடரி முடியை விரலால் ஒதுக்கினார். மெல்லிய நேரான முடி. ஆனாலும் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"அவள விடு, கெர்ட்," என்றாள் வில்மா. "அவள மட்டும் விட்டுடு."

மெழுகு போட்ட தரையில் அவள் தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது.

இருபது நாளாக மக்ரீட்டா இதை மனதில் ஓட்டிப் பார்த்திருந்தாள். அதில் குழந்தை இருந்ததில்லை. அந்தக் குழந்தையைக் குளிப்பாட்டியிருக்கிறாள். அதற்குப் பல் முளைத்தபோது விரலைக் கடிக்கக் கொடுத்திருக்கிறாள். போய் நடுவில் நிற்கலாம் என்று ஒரு கணம் தோன்றியது. மூன்றாவது மாடியில் லையனல் திரும்பி நின்றபோது யாரும் நடுவில் நிற்கவில்லை. அவளும் நிற்கவில்லை.

கதவு மணி அடித்தது.

யாரும் அசையவில்லை. மறுபடி அடித்தது. வெளியே பெண்கள் சிரிக்கும் சத்தம், குடை மடக்கும் சத்தம். ராவ்டன்பாக் குழந்தையின் தோளிலிருந்து கையை எடுக்கவில்லை. வில்மா மக்ரீட்டாவைப் பார்த்தாள். வேண்டாம் என்று தலையை ஆட்டினாள்.

பரிமாறுகிறவளுக்கான வெள்ளை ஏப்ரன் நாற்காலியில் மடித்து வைத்திருந்தது. மக்ரீட்டா அதை எடுத்துக் கட்டிக்கொண்டாள். அவர்களைக் கடந்து கூடத்தின் குறுக்கே நடந்தாள். முன்வாசல் கதவை விரியத் திறந்தாள்.

"வாங்கய்யா, வாங்கம்மா. எல்லாரும் கூடத்துலதான் இருக்காங்க."

ஓர் அம்மாள் அவள் முகத்தைப் பார்க்காமலே நனைந்த குடையை நீட்டினாள். மக்ரீட்டா வாங்கிக்கொண்டாள். நான்கு பேரும் உள்ளே போகும்வரை கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.