டீலியாவுக்குக் குழி வெட்ட ஆள் வரவில்லை

ஞாயிறு பூசை முடிந்து மூன்று மணி நேரமாகியும் கில்வரா கல்லறைத் தோட்டத்துக்குள் ஒரு மண்வெட்டிகூட வரவில்லை.

மறுநாள் மதியம் டீலியா மல்ராயை அடக்கம் செய்ய வேண்டும். திங்கட்கிழமையில் புதுக் குழிக்கு மண் தொடுவது அந்த ஊரில் கிடையாது. தொட்டால் வருடம் திரும்புவதற்குள் அதே வீட்டுக்கு இன்னொரு குழி என்பார்கள். ஆகவே ஞாயிறே வெட்டியாக வேண்டும். இதற்கு யாரும் யாரையும் கூப்பிடுவதில்லை. சாவுச் செய்தி காதில் விழுந்ததும் அக்கம்பக்கத்து ஆண்கள் தாங்களாகவே வருவார்கள். செத்தவர் வீட்டார் ஒரு விஸ்கி பாட்டிலை அனுப்பிவிட்டு ஒதுங்கி நிற்க வேண்டும். அவர்கள் கை மண்ணில் பட்டால் ஊர் அவர்களைத் தலைமுழுகிவிட்டது என்று பொருள்.

ஜார்லத் ரூவேன் வாசலுக்கு வெளியே தன் வேனில் உட்கார்ந்திருந்தான். அறுபத்து மூன்று வயது, கல்யாணம் ஆகாதவன். முப்பது வருடமாக அந்த ஊரில் எந்தக் குழிக்கும் முதல் மண் அவன் வெட்டியதுதான். இன்றும் வந்துவிட்டான். ஆனால் கதவைத் திறந்து இறங்கக் கால் வரவில்லை. மற்றவர்கள் ஏன் வரவில்லை என்பது அவனுக்குத் தெரியும். அவர்கள் நினைப்பது தப்பு என்பதும் அவனுக்கு மட்டும் தெரியும்.

எல்லாம் டீலியாவின் மகன் ஃபெர்கலால் வந்தது. ஊரே சதுப்பில் குனிந்து அடுப்பெரிக்கும் கரிமண் கட்டி அடுக்கிக்கொண்டிருந்தபோது வரப்பில் உட்கார்ந்து புத்தகம் படித்தவன் அவன். கையில் ஒரு கொப்புளம் கண்டதில்லை. டப்ளினுக்குப் போனான். இருபத்தாறு வயதில் முதல் புத்தகம். பள்ளி வாத்தியாரின் திக்குவாய் அதில் அப்படியே இருந்தது. இரண்டாவதில் பாதிரியாரின் குடி. அதற்கு லண்டனில் பரிசு கொடுத்தார்கள். விமான நிலையத்துக் கடையில் ஆள் உயரத்துக்கு அவன் முகம் நின்றது. வருடத்தில் மூன்று மாதம் அமெரிக்காவில் பிள்ளைகளுக்கு நாவல் எழுதச் சொல்லிக்கொடுத்தான். ஊர் அதுவரைக்கும் பல்லைக் கடித்துப் பொறுத்தது. வெளியூர்க்காரனிடம் பெருமைகூட அடித்தது.

மூன்றாவது புத்தகத்தில் ஒருவன் பூட்ஸைக் கழற்றி, கல்யாண மோதிரத்தை இடது பூட்ஸுக்குள் போட்டு, கரையில் ஒழுங்காக வைத்துவிட்டு ஏரிக்குள் நடந்து போகிறான்.

அது ஜார்லத்தின் அண்ணன் ஃபெஸ்டஸ். படகிலிருந்து தவறி விழுந்தான் என்றுதான் ஊர் நம்பியிருந்தது. உண்மை தெரிந்தவர்கள் இரண்டே பேர். கரை ஒதுங்கிய உடலை முதலில் பார்த்தவன் ஜார்லத். விபத்தாகத் தெரியட்டும் என்று, போலீஸ் வருவதற்கு முன் மோதிரத்தையும் பூட்ஸையும் அவனே மாட்டிவிட்டான். உடலைக் கழுவியவள் டீலியா, ஊர் நர்ஸ். ஏரியில் ஊறிய காலில் நனையாத பூட்ஸ் எப்படி வந்தது என்று அவள் கேட்டாள். அவன் சொன்னான். அதோடு அவள் வாயைத் திறக்கவில்லை.

ஐந்து வருடம் கழித்து ஒரு குளிர்காலத்தில் ஃபெர்கல் மதுக்கடையில் ஜார்லத்துக்குக் குடி வாங்கிக் கொடுத்தான். எதையும் கேட்கவில்லை. கேட்டுக்கொண்டு மட்டும் இருந்தான். அப்படி ஒருவன் உட்கார்ந்து தன்னைக் கேட்டு ஜார்லத்துக்கு எத்தனையோ காலமாகியிருந்தது. நாக்கு அவிழ்ந்துவிட்டது.

புத்தகத்தைப் படித்த ஃபெஸ்டஸின் மனைவி கன்செப்டா, டீலியாதான் மகனிடம் சொன்னாள் என்று முடிவு கட்டினாள். கழுவியவளுக்குத்தானே தெரியும்? ஊரும் அவள் பக்கம் நின்றது. இரண்டு வருடம் டீலியாவின் வீட்டில் யாரும் தேநீர் குடிக்கவில்லை. ஜார்லத் ஞாயிறுதோறும் கன்செப்டாவின் மேசையில் சாப்பிட்டுக்கொண்டு வாயை மூடியிருந்தான். அந்த மேசை போனால் அவனுக்கு வேறு மேசை இல்லை.

வேன் கண்ணாடி வழியாக இப்போது ஃபெர்கல் தெரிந்தான். புது மண்வெட்டி, விலைச் சீட்டு ஒட்டியபடியே. தகப்பனின் கல்லறைக் கல்லுக்குப் பக்கத்தில் புல்லைக் கொத்திக்கொண்டிருந்தான்.

ஜார்லத் இறங்கி உள்ளே போனான்.

"அதைக் கீழ போடுறா. பெத்தவளுக்கு மகன் குழி வெட்டுறதா? ஊர் சிரிக்கும்."

"ஊர் இப்ப மட்டும் அழுவுதா?"

"பேனா பிடிக்கிற மாதிரி பிடிச்சிருக்க. காலை வெட்டிக்கப்போற."

"அரை மணி நேரமா வேன்லயே உக்காந்திருந்தீங்க."

"முட்டி வலி."

"முட்டி," என்றான் ஃபெர்கல்.

"என்னடா நக்கல்? நான் குடிச்சிட்டு உன் ஒருத்தன்கிட்ட சொன்னேன். நீ பத்தொன்பது பாஷையில சொன்ன."

"யார் சொன்னான்னு அம்மா கேட்டாங்க. உங்க பேரைச் சொன்னேன். வெளிய விடாத, அவனுக்கு இருக்கிறது அந்த ஒரு வீடுதான்னு சத்தியம் வாங்கிக்கிட்டாங்க."

போன மாதம்கூட டீலியா ஜார்லத்தைக் கடையில் பார்த்து முட்டிக்குத் தைலம் சொன்னாள்.

"இதுக்கு மட்டும் சத்தியத்தக் காப்பாத்துவ. எங்க அண்ணனை எழுதுறப்ப உன்கிட்ட சத்தியம் வாங்க ஆளில்லாமப் போச்சு," என்று சொல்லி ஜார்லத் அவன் கையிலிருந்து மண்வெட்டியைப் பிடுங்கினான். வெட்டத் தொடங்கினான். புல்லை நாலு கட்டியாகப் பெயர்த்து ஓரமாக அடுக்கினான். முழங்கால் ஆழம் போவதற்குள் முதுகு விட்டுப்போனது. தனி ஆளாக வெட்டுகிற வேலையில்லை அது.

வாசலில் கார் நின்றது. கன்செப்டா இறங்கினாள், பின்னால் அவள் மூத்த மகன் கோல்மன். ஞாயிறு அவள் ஃபெஸ்டஸுக்குப் பூ கொண்டு வருகிற நாள்.

"சாப்பாடு ஆறிப்போச்சு, ஜார்லத். இங்க என்ன பண்ற?"

"குழி வெட்டுறேன்."

"அவளுக்கா? நரி வந்து வெட்டட்டும். மேல ஏறு."

"டீலியா சொல்லலை, கன்செப்டா."

"பின்ன? செத்தவன் எந்திரிச்சு வந்து சொன்னானா?"

"நான் சொன்னேன்."

ஃபெர்கல் ஏதோ பேச வாயெடுத்தான். "உன்னை யாரும் கேக்கலை," என்று அவன் பக்கம் திரும்பாமலே சொன்னாள்.

"பூட்ஸை மாட்டினது?"

"நான்தான்."

"மோதிரம்?"

"அதுவும்."

"ஒன்பது வருஷம் என் மேசையில உக்காந்து உருளைக்கிழங்குக்கு இன்னும் கொஞ்சம் வெண்ணெய் கேட்ட."

"கேட்டேன்."

அவள் குழியைப் பார்த்தாள். "போன வாரம் அவ எனக்காகக் கடைக் கதவைப் பிடிச்சுக்கிட்டு நின்னா. நான் அவ விரல் மேலேயே கதவை விட்டேன். அப்பவும் அவ ஒண்ணும் சொல்லலை."

பிறகு மகனைக் கூப்பிட்டாள். "கோல்மன், நாலு பேரைக் கூட்டிட்டு வா. நடந்ததையும் சொல்லு, அப்பத்தான் வருவாங்க."

"ஆரம்பிச்சிட்டேன், நானே முடிச்சிடுறேன்," என்றான் ஜார்லத்.

"வெளிய வா. அவ குழியில உன் கால் படக் கூடாது. டேய் எழுத்தாளரே, நீயும் சுவர்ப்பக்கம் போ. வீட்டு ஆளு நிக்க வேண்டிய எடம் அதுதான்."

ஜார்லத்துக்கு ஏறிவர இரண்டு முயற்சி ஆனது. யாரும் கை கொடுக்கவில்லை.

ஐந்து பேர் வந்தார்கள். ஒருவரும் அவன் முகத்தைப் பார்க்கவில்லை. பூவை ஃபெஸ்டஸின் கல்லில் வைத்துவிட்டு கன்செப்டா போய்விட்டாள். சாப்பாட்டுக்கு வா என்று சொல்லவில்லை. சுவரோரம் அவனும் ஃபெர்கலும் ஆறடி இடைவெளியில் நின்றார்கள்.

"இதையும் எழுதுவியா?"

ஃபெர்கல் குழியடியில் யார் யார் எங்கே நிற்கிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தான். இல்லை என்று சொல்லவில்லை.

"த்தூ," என்றான் ஜார்லத்.

குழிக்குள் இரும்பு கல்லில் மோதும் சத்தம் கேட்டது. அந்த வரிசையில் மூன்றடியில் பாறை உண்டு. தலைமாட்டுப் பக்கம் ஒரு விரிசல் இருக்கிறது. கடப்பாரையை அதில் விட்டால் பலகை மாதிரிப் பெயர்ந்து வரும். அது தெரிந்தவன் அவன் ஒருவன்தான். கோல்மனும் மற்றவர்களும் கால்மாட்டிலேயே அடித்துக்கொண்டிருந்தார்கள். கடப்பாரையை எங்கே விடணும் என்று ஒருவன் திரும்பிக் கேட்டால் போதும் என்று ஜார்லத் நின்றுகொண்டிருந்தான். இருட்டும் நேரத்தில் பாறை எப்படியோ உடைந்தது. யாரும் கேட்கவில்லை.