கல்லில் வெட்டிய பாண்

இந்தக் காலத்துச் சனத்துக்குச் செத்தவர்களுக்கு ஒருநேரச் சோறு வைக்கவும் பஞ்சி, அவ்வளவு சோம்பல். அதற்கும் ஓர் ஆளைப் பிடித்துவிட்டுக் கையைக் கழுவிக்கொள்கிறார்கள். கெல்லிவில் வீட்டு வாசலில் காரில் ஏறும்போதே தம்பிராசா இதைச் சத்தமாகத்தான் சொன்னார். சொன்னது மகன் சுஜீதனுக்கு. அவன் காது கேளாதவன் மாதிரிக் காரை எடுத்தான்.

வருகிற வெள்ளிக்கிழமை அவருடைய மனுசி சிவமணியின் திவசம். போன வருசம் அவரே குசினியில் நின்று சமைத்து, படைத்து, காகத்துக்கென்று பின்வேலியில் ஒரு பிடி வைத்தார். காகம் வரவில்லை. வெள்ளைக் கொக்கட்டூக் கிளிக் கூட்டம் வந்தது. சோற்றைத் தின்றதோடு நில்லாமல் பக்கத்து வீட்டுக்காரனின் யன்னல் சட்டத்தையும் கொத்திப் பிய்த்தது. அவன் வந்து கத்திவிட்டுப் போனான். அன்றிலிருந்து சுஜீதன் ஒரே பிடி: கோயிலில் சொல்லிவிட்டால் ஐயர் வருசா வருசம் செய்வார், வீட்டில் ஒன்றும் வேண்டாம்.

கிழவரின் கோபத்தை ஆற்றலாமென்று அன்று அவரைச் சிட்னி நகரத்து நூதனசாலைக்குக் கூட்டிவந்திருந்தான். மருமகள் தர்சினியும் வந்திருந்தாள். எகிப்து அறையில், கண்ணாடித் தடுப்புக்குள், செத்துப்போன ஒருவனின் கல்லறையில் இருந்த ஆளுயரக் கல்லொன்று. அதில் அவன் மேசைக்கு முன்னால் கையை நீட்டியபடி குந்தியிருந்தான். மேசை நிறைய ரொட்டிப் பாண், வாத்து, வெங்காயம். விளக்கம் சொல்லும் வெள்ளைக்காரப் பெட்டை கையை ஆட்டி ஆட்டி, கிழவருக்கு விளங்காத இங்கிலீசில் நெடுநேரம் பேசினாள்.

"பாத்தீங்களே அப்பா," என்றான் சுஜீதன். "அந்தக் காலத்து எகிப்துக்காரரும் பூசாரியிட்டைத்தான் பொறுப்புக் குடுத்தவை. காணியும் எழுதிவைச்சவையாம். பூசாரி நாள்தவறாமல் சாப்பாடு வைப்பாராம்."

"அவ்வளவோ சொன்னவள்?"

"அவ்வளவுதான்."

"டேய், அவள் ஒரு பிரசங்கமே வைச்சவள். நீ அதிலை வாலை மட்டும் தாறாய்." தம்பிராசா மருமகள் பக்கம் திரும்பினார். "பிள்ளை, நீ சொல்லு."

தர்சினி புருசனைப் பார்த்தாள். பிறகு கல்லைப் பார்த்தாள். "கொஞ்சக் காலம் போக பூசாரிமார் வாறதை விட்டிடுவினமாம், மாமா. பிள்ளையளும் மறந்துபோடுவினமாம். அந்தப் பயத்திலைதான் சாப்பாட்டைக் கல்லிலை வெட்டி வைச்சவையாம்."

"தர்சி!" என்றான் சுஜீதன்.

"பொய் சொல்லச் சொல்லுறீங்களே?"

தம்பிராசா சிரித்த சிரிப்பில் நாலு பேர் திரும்பிப் பார்த்தார்கள். "செத்தவன் உன்னை மாதிரிப் பிள்ளை பெத்தவன்போலை. உயிரோடை இருக்கேக்கையே விளங்கியிருக்கு."

"எங்கடை ஐயர் அப்பிடி விடமாட்டார் அப்பா. படைச்சதைப் படமெடுத்தும் அனுப்புவினம்."

"படத்தைக் கொம்மா தின்பாளோ?"

சுஜீதனுக்கு முகம் சிவந்தது. ஆனாலும் விடவில்லை. "முழுக்கக் கேளுங்கோ. கல்லிலை எழுதியிருக்கிறதை ஆராவது வாய்விட்டு வாசிச்சாலே காணுமாம். சாப்பாடு அவருக்குப் போய்ச் சேருமாம். மனசுதான் முக்கியம்."

"அப்ப வாசி."

"என்ன?"

"கீழை இங்கிலீசிலை எழுதிக் கிடக்கெல்லே. வாசி, பாப்பம்."

சுஜீதன் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு முணுமுணுவென்று வாசித்தான். பாண், பியர், மாடு, வாத்து என்று வந்தது. கிழவர் கண்ணாடித் தடுப்போடு மூக்கை ஒட்டிக் கல்லில் இருந்தவனையே பார்த்தார். அவன் நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது.

"எங்கை, ஒரு துண்டுப் பாண் குறைஞ்சுதோ?"

"அது அவையின்ரை நம்பிக்கை, அப்பா!"

"ஓம். சமைக்கப் பஞ்சிப்பட்டவையின்ரை நம்பிக்கை." சட்டைக் கையால் கண்ணாடியில் படிந்த மூச்சைத் துடைத்தார். "வெள்ளிக்கிழமை நான்தான் சமைப்பன். உன்ரை குசினியிலைதான். வேலியிலை வைக்கக்கூடாதெண்டால் முன் புல்லிலை வைப்பன். கொக்கட்டூ திண்டாலும் அது உண்மையான சோறு."

"பக்கத்து வீட்டுக்காரன் கவுன்சிலுக்குச் சொல்லுவான்."

"சொல்லட்டும். அவனுக்கும் ஒரு கோப்பை சோறு குடுக்கிறன்."

"மாமா, எங்கை போறீங்கள்? கார் கீழை நிக்குது," என்றாள் தர்சினி.

"டூங்கபித் தமிழ்க் கடைக்கு. வாழையிலை வாங்கவேணும். ரெயினிலை போறன்."

விளக்கம் சொன்ன பெட்டை, கிழவர் கோபித்துக்கொண்டாரோ என்று பயந்து, கல்லைக் காட்டி மறுபடி ஏதோ மெதுவாகச் சொல்லத் தொடங்கினாள். தம்பிராசா கையெடுத்துக் கும்பிட்டார். "நீ நல்ல பிள்ளை. ஆனால் கல்லு கல்லுதான்," என்று தமிழிலேயே சொல்லிவிட்டு வாசலைப் பார்த்து நடந்தார்.