அப்பா வெட்டாமல் விட்ட செடி

அந்தப் பூச்செடி சுண்டுவிரல் உயரம்கூட வராது. ஈரமும் நிழலும் சேர்ந்த இடத்தில், மக்கிய இலைகளுக்கு நடுவே வெளிர்நீலமாகப் பூக்கும். குனியாதவர் கண்ணில் படாது. காடு முழுக்கத் தேடி, ஓடைக்கரையில் ஒரே இடத்தில்தான் எனக்குக் கிடைத்தது. புதுச் சாலையும் அதன் தலைமேல்தான் போகிறது. வனத்துறை ஆய்வாளர் நேரில் வந்து, வேரோடு நிற்கும் பூவைப் பார்த்தால் சாலையை மேட்டுப்பக்கம் திருப்புவார்கள். படம் காட்டினால் செல்லாது.

எங்கள் வீட்டில் முதலில் காலேஜ் படித்தவள் நான். நான் எதைச் சொன்னாலும் அப்பாவுக்குப் பெருமையில் தலைகால் புரியாது. அவர் காட்டுப் பாதையில் புதர் வெட்டும் தினக்கூலி. பெரிய அதிகாரி ஒருத்தர் பூ பார்க்க வருகிறார் என்றேன். எந்த இடம் என்று கேட்டார். சொன்னேன்.

ஆய்வாளரோடு போனபோது ஓடைக்கரை மொட்டையாக இருந்தது. சருகையெல்லாம் கூட்டி, மேல்மண்ணை மண்வெட்டியால் சீவி, சமப்படுத்தியிருந்தார் அப்பா. நடுவில் ஆளுயரச் செடி ஒன்று செக்கச்செவேலென்று பூத்து நின்றது. வேலியோரமெல்லாம் முளைக்கிற சனியன். அதைச் சுற்றி வட்டமாகக் கல் அடுக்கியிருந்தார்.

"பூ மேல ஒரு கீறல் படல பாப்பா. உன்னை அட்டை கடிக்குமேன்னு கீழ கெடந்த குப்பையத்தான் ஓடையில தள்ளிட்டேன்."

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். சில்லறை தராத கண்டக்டர்மேல்கூட வரும். வரவில்லை. பல் டாக்டர் ஊசி போட்ட கன்னம் மாதிரி உடம்பு முழுக்க மரத்துப்போயிருந்தது. குனிந்து பார்த்தேன். மண்வெட்டித் தடம்தான் இருந்தது.

"இதுக்கா என்னை இவ்ளோ தூரம் நடக்க வச்சே? எங்க வீட்டுக் கக்கூஸ் பின்னாடி நெறைய நிக்குதே" என்றார் ஆய்வாளர். டிரைவர் சிரித்தார். அப்பாவும் கூடச் சேர்ந்து சிரித்தார்.

அப்பாவுக்குக் கேட்காத தூரத்தில் நின்று நடந்ததைச் சொன்னேன். ஆய்வாளர் குரலைத் தாழ்த்தி, யார் இந்த ஆள், வேலையை விட்டுத் தூக்கச் சொல்லட்டுமா என்று கேட்டார்.

"எங்கப்பா சார்."

சாலை திட்டமிட்டபடியே போகட்டும் என்று அவர் டிரைவரிடம் சொல்லிக்கொண்டே ஜீப்புக்கு நடந்தார்.

அப்பா வேர்வையைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் வந்து நின்றார்.

"சாருக்குத் திருப்திதானே?"

"ம்."

"அக்கரையிலயும் ஒரே புதரா கெடக்கு. அதையும் சுத்தம் பண்ணிரட்டுமா?"

அக்கரையில் நான் தேடியாயிற்று. அங்கே அந்தப் பூ கிடையாது.

"பண்ணுப்பா" என்றேன்.